நட்டதற்கு ஒரு மொய், பிடுங்குவதற்கு ஒரு மொய்

பொள்ளாச்சிப் பக்கம் ஒருவர் மூன்று ஏக்கரில் தென்னை வைத்திருக்கிறார் என்று வையுங்கள். சொட்டுநீர் போட்டிருக்கிறார். இளநீர் வெட்டி லாரியில் ஏற்றுகிறார். அவருக்கே தெரியாமல் அவர் ஒரு காட்டுக்குச் சொந்தக்காரர். இந்திய வன ஆய்வு நிறுவனத்தின் அளவுகோல் அப்படி. ஒரு ஹெக்டேருக்குக் குறையாத நிலம் வேண்டும். மேலிருந்து பார்த்தால் பத்து விழுக்காடாவது மரக்கிளை மூடியிருக்க வேண்டும். முடிந்தது, அது காட்டுப் பரப்பு. நிலம் யாருடையது, மரம் எந்த மரம், எதற்காக நட்டது என்ற கேள்வியெல்லாம் கிடையாது. செயற்கைக்கோளின் கண்ணுக்குப் பச்சை தெரிந்தால் போதும்.

அங்கிருந்து மலை ஏறுங்கள். ஆனைமலையின் உச்சி, நீலகிரியில் முக்குருத்தி, பழனி மலையின் மேல்தளம். 1,800 மீட்டருக்கு மேலே போனால் மரம் ஒதுங்கிக்கொள்ளும். மலை மடிப்புகளிலும் ஓடைக் கரைகளிலும் குட்டையாகச் சோலை நிற்கும். மீதி மேடெல்லாம் புல். வரையாடு மேயும். ஓடை பிறக்கும். நீலகிரியில் பிறக்கிற ஓடைதான் கீழே பவானி. அதுதான் குந்தாவில் மின்சாரம். அதுதான் கோவைக்காரர் குழாயில் பில்லூர்த் தண்ணீர். ஆனால் இந்தப் புல்மேடு காட்டுப் பரப்பில் சேராது. மரம் இல்லையே! தென்னந்தோப்பு பாஸ். முக்குருத்தி ஃபெயில்.

ஃபெயிலானவர்களுக்கென்று மத்திய அரசிடம் தனிப் பதிவேடும் உண்டு. தரிசு நில வரைபடத் தொகுப்பு என்று பெயர். 2019-இல் வந்த பதிப்பில் நாட்டின் நிலப்பரப்பில் 16.96 விழுக்காடு, அதாவது ஏறக்குறைய 5.57 கோடி ஹெக்டேர், தரிசுக் கணக்கில் இருக்கிறது. பாலைவன மணலும் பனிமலையும் அதில் உண்டு, சரி. புதர் நிலமும் மேய்ச்சல் நிலமும் அதே பட்டியலில். மானும் மாடும் மேய்கிற இடம் தரிசு. ஒரு பிடி புல்லைத் தின்று பால் கறக்கும் எருமையிடம் போய் இதைச் சொன்னால் முட்டும். நாம் முட்டவில்லை. வரி கட்டுகிறோம்.

இந்த நாட்டில் புல்வெளிக்கு மரியாதை கொடுத்த ஒரே துறை சினிமாத்துறை. உதகைக்கு வெளியே ஒரு மேட்டுக்கு ஷூட்டிங் மேடு என்றே பெயர் விழுந்துவிட்டது. எத்தனை கதாநாயகர்கள் அங்கே உருண்டார்கள், எத்தனை கதாநாயகிகள் சரிவில் ஓடிவந்தார்கள்! ஒளிப்பதிவாளருக்கு அந்த மேட்டின் மதிப்பு தெரிந்தது. வனத்துறைக்குக் காலி மனை தெரிந்தது.

அந்தக் காலி மனையில் குடியிருந்தவரைக் கொஞ்சம் பார்ப்போம்.

நீலகிரிப் புல்மேடுகளில் பலவகைப் புல் உண்டு. அதில் ஒன்று தெமெடா ட்ரையாண்ட்ரா. ஊர் சுற்றிப் புல் இது. தென்னாப்பிரிக்காவில் சிவப்புப் புல் என்பார்கள், ஆஸ்திரேலியாவில் கங்காருப் புல். கொத்துக் கொத்தாக வளரும். கதிர் முற்றினால் செம்பழுப்பு. ஒவ்வொரு விதையின் வாலிலும் கறுத்து நீண்ட ஒரு மீசை இருக்கும். ஈரம் பட்டால் அந்த மீசையின் முறுக்கு அவிழும். வெயில் பட்டால் மறுபடி முறுக்கிக்கொள்ளும். அப்படி முறுக்கியும் அவிழ்ந்தும் விதை தன்னைத்தானே மண்ணுக்குள் திருகி இறக்கிக்கொள்ளும். குழி வெட்ட ஆள் வேண்டாம். டெண்டர் வேண்டாம். குழிக்கு எத்தனை ரூபாய், அதில் எத்தனை ரூபாய் யாருக்கு என்ற பேச்சே எழாது. அரசாங்கத்துக்கு இந்தப் புல்லின் மேல் ஏன் கோபம் என்பது இங்கேயே பாதி புரிந்துவிடும்.

மீதி பாதி, தீ.

மரத்தின் உயிர் நுனியில். புல்லின் உயிர் அடியில். வளர்கிற மொட்டு தரையை ஒட்டி, இலையுறைகளுக்குள் பத்திரமாக இருக்கிறது. காய்ந்த புல்லில் தீ வைத்தால் நெருப்பு மேலே சரசரவென்று ஓடிவிடும். இரண்டு விரல் ஆழத்தில் மண் அதிகம் சூடாகாது. கருகிப்போனதென்று நாம் நினைத்த கொத்திலிருந்து சில நாளில் பச்சை எட்டிப் பார்க்கும். வரையாடும் எருமையும் தேடிவருவது அந்தத் தளிரைத்தான். தீயே இல்லாவிட்டால் என்ன ஆகும்? பழைய இலை செத்து, கொத்தின் மேலேயே குவியும். அடியில் வெளிச்சம் விழாது. புதுக்குருத்து மூச்சுமுட்டும். ஆஸ்திரேலியாவின் விக்டோரியா மாநிலத்தில் கணக்குப் பார்த்திருக்கிறார்கள்: பத்துப் பன்னிரண்டு வருடம் தீயைக் காணாத கங்காருப் புல் கொத்துக் கொத்தாகச் செத்துவிடுகிறது. அங்கே எஞ்சிய நல்ல புல்வெளிகள் பலவும் ரயில்பாதை ஓரத்தில்தான் இருக்கின்றன. தண்டவாளத்துக்கு ஆபத்து வரக்கூடாதென்று ரயில்வேக்காரர்கள் வருடாவருடம் எரித்துவந்தார்கள். சூழலியல் படிக்காத ரயில்வேக்காரன் காப்பாற்றினான். அந்தப் புல்லின் விதை புகையை முகர்ந்தால் நன்றாக முளைக்கிறது என்பதும் ஆய்வில் தெரிந்த சங்கதி. தென்னாப்பிரிக்கா இன்னும் ஒரு படி மேலே. க்ரூகர் தேசியப் பூங்காவில் 1954-லிருந்து துண்டு துண்டாக நிலம் பிரித்து, ஒன்றை வருடா வருடம், ஒன்றை மூன்று வருடத்துக்கு ஒருமுறை, ஒன்றை எப்போதுமே எரிக்காமல் என்று பரிசோதனை நடத்துகிறார்கள். நாம் அதே காலத்தில் வன மகோத்சவம் நடத்தினோம். 1950-இல் கே.எம். முன்ஷி தொடங்கிவைத்தது. மாலை, மைக், மரக்கன்று.

நீலகிரியில் தீ மட்டுமே எல்லாம் என்று சொல்லவரவில்லை. உறைபனி, மேய்ச்சல், தீ மூன்றும் சேர்ந்துதான் புல்லைப் புல்லாகவும் சோலையைச் சோலையாகவும் வைத்திருந்தன. எதற்கு எவ்வளவு பங்கு என்று விஞ்ஞானிகள் சண்டை போடட்டும், அது அவர்கள் தொழில். சண்டையில்லாத விஷயம் ஒன்று உண்டு. இந்தப் புல்மேடு யாரோ மரத்தை வெட்டியதால் உண்டானதல்ல. நீலகிரிச் சதுப்பில் புதைந்த கரிச்சேற்றைத் தோண்டி, அதிலுள்ள கார்பனை வைத்து ரா. சுகுமாரும் அவர் கூட்டாளிகளும் 1993-இல் 'நேச்சர்' இதழில் எழுதினார்கள். இருபதாயிரம் வருடத்துக் கதை அது. அப்போதே இங்கே புல் இருந்தது. இருபதாயிரம் வருடம் ஒரே இடத்தில் குடியிருந்தும் பட்டா கிடைக்காத ஒரே ஆள் இந்தப் புல்தான்.

அந்தப் புல்லுக்குத் தீ வைத்தவர்கள் நீலகிரியில் எருமை வளர்க்கும் தோடர்கள். கோடைக்கு முன்னால் காய்ந்த மேட்டைச் சின்னச் சின்னதாக எரிப்பார்கள். எருமைக்குத் தளிர் வரும். குவியல் குறையும். பிறகு பெரிய தீ வந்தாலும் தின்ன ஒன்றும் இருக்காது. வெள்ளைக்காரன் வந்து பார்த்தான். தீ! காட்டுமிராண்டித்தனம்! 1882-இல் மெட்ராஸ் வனச் சட்டம் வந்தது. காப்புக்காட்டில் தீ மூட்டினால் குற்றம். வெள்ளைக்காரன் போய்விட்டான். சட்டம் போகவில்லை. பெயரில் மெட்ராஸ் போய்த் தமிழ்நாடு வந்தது. அதுதான் நாம் வாங்கிய சுதந்திரம்.

இதில் ஒரு வேடிக்கை. வெள்ளைக்காரனே சீக்கிரம் விழித்துக்கொண்டான். 1896-இல் ஸ்லேட் என்ற வன அதிகாரி 'இந்தியன் ஃபாரஸ்டர்' இதழில், பர்மாவில் தீத்தடுப்பு அளவுமீறிப் போய்விட்டதென்று கட்டுரையே எழுதினார். தீயை நிறுத்தியதும் தேக்கு முளைப்பது நின்றது. வங்காளத்திலும் அசாமிலும் சால் மரத்துக்கு அதே கதி. பிற்பாடு அங்கெல்லாம் அவர்களே தீ வைக்கத் தொடங்கினார்கள். அவனிடமிருந்து கோட், சூட், டவாலி, சலாம் எல்லாம் வாங்கிக்கொண்ட நாம், அவன் தப்பை உணர்ந்து எழுதிய அந்த ஒரு கட்டுரையை மட்டும் வாங்க மறந்துவிட்டோம்.

சரி, தீயை நிறுத்தினார்கள். காலி மனையைச் சும்மா விட முடியுமா? நட்டார்கள்.

கற்பூர மரம், அதாவது யூகலிப்டஸ், 1840-களிலேயே நீலகிரிக்கு வந்துவிட்டது. உதகையில் விறகுப் பஞ்சம், குளிர் காய வேண்டும், வைத்தார்கள், அதையாவது புரிந்துகொள்ளலாம். வாட்டில் எனப்படும் சீகையும் அதே காலத்து விருந்தாளிதான். உண்மையான வேட்டை சுதந்திரத்துக்குப் பிறகு நடந்தது. தோல் பதனிடச் சீகைப் பட்டை வேண்டும். செயற்கைப் பட்டு நூலுக்கு மரக்கூழ் வேண்டும். சிறுமுகையில் விஸ்கோஸ் ஆலை வாய் திறந்து காத்திருந்தது. மலைமேல் மேடு மேடாகப் புல்லைக் கிழித்துக் கற்பூரமும் சீகையும் பைனும் வரிசை கட்டின. ஆலை பவானியைக் கெடுத்ததுதான் மிச்சம், பிறகு மூடிக்கொண்டது. மரம் மூடிக்கொள்ளவில்லை. சீகை தன் பாட்டுக்குப் பரவியது. பழனி மலையில் நாற்பது வருடத்தில் மூன்றில் இரண்டு பங்கு புல்வெளி காணாமல் போனதென்று 2018-இல் ஆய்வு வந்தது. மூன்றில் இரண்டு! ஒரு கோயில் நிலத்தில் மூன்றில் இரண்டு பங்கு காணாமல் போனால் சட்டசபையில் வெளிநடப்பு நடக்கும். புல்லுக்காக எந்தக் கட்சிக்காரன் வேட்டியை மடித்துக் கட்டுவான்?

தண்ணீர் என்ன ஆயிற்று என்பதை அரசாங்கத்தின் சொந்த மண், நீர்ப் பாதுகாப்பு ஆராய்ச்சி நிலையமே நீலகிரியின் கிளென்மார்கனில் அளந்தது. புல்வெளியில் கற்பூரத் தோட்டம் போட்டதால் ஓடைநீர் முதல் சுற்றில் 16 விழுக்காடு குறைந்தது. வெட்டிய பின் துளிர்த்த இரண்டாம் சுற்றில் 25 விழுக்காட்டுக்கும் மேல். பைக்காரா மின்நிலையம் 1932-இல் ஓடத் தொடங்கியது; அந்த மலையின் தண்ணீரை நம்பித்தான். ஒரு துறை அணை கட்டித் தண்ணீருக்குக் காத்திருந்தது. இன்னொரு துறை அந்தத் தண்ணீரை உறிஞ்ச மரம் நட்டது. இரண்டுக்கும் சம்பளம் ஒரே கஜானாவிலிருந்து.

இந்த மரங்கள் எரியும் விதமும் வேறு. புல்தீ முழங்கால் உயரத்தில் ஓடிப்போகும். கற்பூர மரத்தின் இலையில் எண்ணெய், உரிந்து தொங்கும் பட்டை. பைனுக்குக் கீழே முழங்கால் ஆழத்துக்கு ஊசிச் சருகு. இடையில் உண்ணிச்செடி ஏணி போட்டுக் கொடுக்கும். தீ தரையிலிருந்து உச்சிக்கு ஏறும். 2024 மார்ச்சில் குன்னூரில் காட்டுத் தீயை அணைக்க விமானப்படை ஹெலிகாப்டர் வந்து, தொங்கும் வாளியில் தண்ணீர் மொண்டு ஊற்றிவிட்டுப் போனது. ஊரே அண்ணாந்து பார்த்தது. அற்புதமான காட்சிதான். பணம் வானத்திலிருந்து கொட்டுவதை ஏழைகள் அவ்வளவு பக்கத்தில் பார்ப்பது அபூர்வம்.

மார்ச் என்றதும் குரங்கணி நினைவு வரும். 2018 மார்ச் 11. மலையேறப் போன இளைஞர்கள், பெண்கள், இருபதுக்கும் மேற்பட்டோர் காய்ந்த புல்சரிவில் தீயில் சிக்கி மாண்டார்கள். அதில் அங்கதத்துக்கு இடமில்லை. அதற்குப் பிறகு நடந்த பேச்சில் உண்டு. அனுமதிச் சீட்டு வாங்கினார்களா, யார் கூட்டிப்போனது, எந்த வழியில் ஏறினார்கள். கேட்க வேண்டிய கேள்விகள்தான், கேட்டார்கள். மலையேற்றத்துக்குப் புது விதிகள் வந்தன. மனிதனுக்கு விதி எழுதிய கை, அந்தச் சரிவில் எத்தனை வருடத்துப் புல் குவிந்து காய்ந்து கிடந்தது என்று ஒரு வரி எழுதியிருக்கலாம். எல்லாத் தீயும் நல்ல தீ என்று எவனும் சொல்லவில்லை. மார்ச் வெயிலில், காற்றடிக்கும் சரிவில், சேர்ந்து கிடக்கும் புல்லில் வரும் தீ எமன். சோலைக்குள் புகுந்தால் அந்த மரங்கள் தாங்காது. குளிர்கால முடிவில், ஈரம் கொஞ்சம் இருக்கும்போது, தெரிந்தவன் கையால் சின்னதாக வைக்கிற தீ, அந்த எமனுக்குப் போடும் வாய்ப்பூட்டு. இதைத்தான் மலைப் பழங்குடிகளான தோடரும் சோளகரும் முதுவரும் தலைமுறை தலைமுறையாகச் செய்தார்கள். சோளகர் இதற்குப் பெயரே வைத்திருக்கிறார்கள்: தரகு பெங்கி. சருகுத் தீ. சத்தியமங்கலத்தை ஒட்டிய கர்நாடகத்தின் பிலிகிரிரங்கன் மலையில் அதை 1970-களில் நிறுத்தினார்கள். உண்ணிச்செடி மலையை விழுங்கியது. தீயை நிறுத்தாதீர்கள் என்று சொன்ன சோளகருக்குப் படிப்பறிவு இல்லை. நிறுத்தியவர்கள் படித்தவர்கள்.

இன்று மேட்டில் ஒரு தோடர் பெரியவர் ஒரு தீக்குச்சி கிழித்தால் என்ன நடக்கும்? செயற்கைக்கோள் பார்க்கும். வன ஆய்வு நிறுவனத்திலிருந்து எஸ்.எம்.எஸ். பறக்கும். ஃபாரஸ்ட் கார்டு ஜீப்பில் வந்து இறங்குவார்.

"ஏங்க, யாரைக் கேட்டுத் தீ வச்சீங்க?"

"எங்க தாத்தா காலத்துல இருந்து வைக்கிறோம், சார்."

"உங்க தாத்தாகிட்ட ஆர்டர் இருந்துச்சா?"

அதே கார்டு அடுத்த வாரம் ரோட்டோரம் தீத்தடுப்புக் கோடு என்று சொல்லிப் புல்லுக்குத் தீ வைப்பார். அதற்கு ஆர்டர் இருக்கிறது. தீ ஒன்றுதான். துறை வைத்தால் தடுப்பு, தோடர் வைத்தால் குற்றம். அந்த வேலைக்குக் கூலிக்கு யாரைக் கூப்பிடுகிறார்கள்? மலை தெரிந்த பழங்குடி இளைஞர்களைத்தான். தீத்தடுப்புக் காவலர், தற்காலிகம், தினக்கூலி. தாத்தாவுக்கு வழக்கு, பேரனுக்குக் கூலி. வித்தை மட்டும் ஒன்றே. அதற்குச் சம்பளம் வாங்குகிறவர் உள்ளூரில் இல்லை.

எல்லையைத் தாண்டி மூணாறுப் பக்கம் போனால் இரவிகுளம். 1975-இல் சரணாலயம், 1978-இல் தேசியப் பூங்கா. அங்கே கேரள வனத்துறையே முதுவர்களைக் கூட்டிக்கொண்டு புல்மேட்டைப் பகுதி பகுதியாக, முறை வைத்து எரிக்கிறது. வரையாட்டுக்குப் புதுத் தளிர் வேண்டுமென்றுதான். அசாமில் காசிரங்காவில் காண்டாமிருகத்துக்காக வனத்துறையே யானைப்புல்லைக் கொளுத்துகிறது. எல்லாரும் ஒரே இந்திய வனப் பணி. ஒரே டேராடூன் பயிற்சி. ஒரே தொப்பி. வரையாடு கேரளத்தில் மேய்ந்துவிட்டு இந்தப் பக்கம் தாவி வந்தால், அதே தீ குற்றமாகிவிடுகிறது. ஆட்டுக்கு இதை யார் எடுத்துச் சொல்வது?

வரையாடு நம் மாநில விலங்கு. அதற்குத் தமிழக அரசு 25.14 கோடி ரூபாயில் திட்டம் போட்டது, அக்டோபர் 7-ஐ வரையாட்டு நாள் ஆக்கியது, கணக்கெடுத்தது, 2025-இல் 1,303 ஆடு என்று சொன்னது. நல்ல காரியம், இதற்கு முன் இருந்தவர்கள் செய்யாதது. கை தட்டுவோம். தட்டிய கையோடு அதே அரசின் பசுமைத் தமிழ்நாடு இயக்கத்தையும் பார்ப்போம். பத்து வருடத்தில் மரப் பரப்பை 33 விழுக்காடாக்க வேண்டும். சுமார் 260 கோடி கன்று. நாட்டு மரம்தான் நடுகிறோம் என்கிறார்கள். நடட்டும், வெட்டவெளிச் சாலையோரமும் பள்ளிக்கூட வளாகமும் நிறையக் கிடக்கின்றன. ஆனால் 33 என்ற எண்ணுக்குக் கண் கிடையாது. 1952 வனக் கொள்கை மூன்றில் ஒரு பங்கு என்றது. 1988 கொள்கை மலைப்பகுதியில் மூன்றில் இரண்டு பங்கு என்றது. மலையின் மேல் மரமில்லாத மேடு எது? அதிகாரி வரைபடத்தை விரிக்கிறார். ஆடு மேய்கிற இடத்தில் விரல் வைக்கிறார்.

இதற்குப் பணம் ஏராளம். காட்டை அழித்து அணை கட்டினாலோ சுரங்கம் தோண்டினாலோ, ஈடாக வேறிடத்தில் மரம் நட வேண்டும்; அந்தப் பணத்துக்கென்றே 2016-இல் சட்டம். 2019-இல் மாநிலங்களுக்கு மத்திய அரசு பிரித்துக் கொடுத்த தொகை 47,436 கோடி ரூபாய். ஓரிடத்தில் காட்டை அழிப்பான். இன்னோரிடத்தில் புல்வெளியை அழித்துக் கணக்கை நேர்செய்வான். இரண்டு பக்கமும் அழிவு, பேரேட்டில் மட்டும் பசுமை. போதாதென்று பசுமைக் கடன் திட்டம் ஒன்று வந்தது. ஹெக்டேருக்குக் குறைந்தது 1,100 மரம் நட்டால் கம்பெனிகளுக்குப் புள்ளி என்று 2024-இல் விதி போட்டார்கள். ஹெக்டேருக்கு 1,100 மரம் என்று புல்மேட்டில் நட்டால் ஆடு அந்த இடுக்கில் நுழைய ஒல்லியாக வேண்டும்.

கல்யாண வீட்டில் மொய் எழுதுகிறவர் மேசையருகே வரிசையில் நிற்பதுபோல் நாம் நிற்கிறோம். புல்லைக் கிழித்துச் சீகை நட்டபோது ஒரு மொய் எழுதினோம். அது பற்றி எரிந்தபோது அணைக்க இரண்டாவது. இப்போது மூன்றாவது வரிசை நகர்கிறது: பிடுங்குவதற்கு.

ஆமாம், பிடுங்குகிறார்கள். சென்னை உயர் நீதிமன்றம் அந்நிய மரங்களை அகற்றச் சொல்லி உத்தரவு மேல் உத்தரவு போட்டது. 2022-இல் தமிழக அரசு அந்நியத் தாவரங்களை அகற்ற ஒரு கொள்கையே வெளியிட்டது. அந்தத் தாவரங்களில் பலவற்றைக் கொண்டுவந்து நட்டது யாரென்று கேட்டால் அந்தப் பக்கத்தைத் திருப்பிவிட வேண்டும். முதுமலைப் பக்கம் பரவிய மஞ்சள் கொன்றையை வெட்டிக் காகித ஆலைக்கு அனுப்பும் வேலையும் நடக்கிறது. மேலே மலையில் சீகையை வெட்டிய இடத்தில் புல் நட நாற்றங்கால் வைத்திருக்கிறார்கள். புல்லுக்கு நாற்றங்கால்! பையில் மண் நிரப்பி, ஒவ்வொரு கொத்தாகப் பதியம் போட்டு, தண்ணீர் ஊற்றி, வண்டியில் ஏற்றி, மேட்டில் குழி வெட்டி வைக்கிறார்கள். தன்னைத்தானே திருகி நட்டுக்கொண்டிருந்த புல்லுக்கு இப்போது கூலி கொடுத்துக் குழி வெட்டுகிறோம். கடைசியில் புல்லையும் டெண்டருக்குள் கொண்டுவந்துவிட்டார்கள். பெரிய சாதனை. வல்லவனுக்குப் புல்லும் ஆயுதம் என்று சொன்னவன் இவர்களைப் பார்த்துத்தான் சொல்லியிருப்பான்.

அந்த நாற்றங்காலில் வேலை செய்கிற பெண்களையும், வெயிலில் புல் நடுகிற இளம் அதிகாரிகள் சிலரையும் நான் குறை சொல்ல மாட்டேன். தாத்தா வாங்கிய கடனைப் பேரன் அடைப்பது மாதிரி அடைக்கிறார்கள். குறை, கடன் வாங்கிய கை இன்னும் அதே பேனாவைப் பிடித்துக்கொண்டிருப்பதில். இங்கே சீகையைப் பிடுங்கு என்று கையெழுத்துப் போடுகிற அதே மேசையில், அங்கே மரம் நடு என்றும் கையெழுத்து விழுகிறது. மசி காயும் முன்னே அடுத்த கோப்பு.

பழைய தீயை உடனே கொண்டுவந்து விடலாமா என்றால், அதிலும் மண் போட்டாகிவிட்டது. சீகை விதைக்கு மேல்தோல் கெட்டி. மண்ணுக்குள் தூங்கிக் கிடக்கும். சூடு பட்டால் தோல் வெடித்து, அத்தனையும் ஒன்றாக முளைத்து எழும். காலங்காலமாகப் புல்லுக்குக் கூட்டாளியாக இருந்த தீயை, ஒரு நூற்றாண்டில் எதிரிக்கு அடியாளாக்கிக் கொடுத்திருக்கிறோம். இப்போது தோடர் பெரியவர் வந்து தீ வைத்தாலும் எங்கே வைப்பது, எங்கே வைக்கக்கூடாது என்று அவரோடு உட்கார்ந்து, மேடு மேடாகப் பார்த்து முடிவெடுக்க வேண்டும். சுத்தமாகச் சீகை வராத மேடுகள் இன்னும் இருக்கின்றன. முளைத்த கன்றுகளைப் பல வருடம் விடாமல் கையால் பிடுங்க வேண்டிய மேடுகளும் இருக்கின்றன. இரண்டுக்கும் வேண்டியது ஆள், பொறுமை, தொடர்ச்சி. ஹெலிகாப்டர் வேண்டாம்.

தொடர்ச்சி என்று சொல்லும்போதே சிரிப்பு வருகிறது. சீகை விதை மண்ணில் அரை நூற்றாண்டு வரை உயிரோடு காத்திருக்கும். மாவட்ட வன அதிகாரியான டி.எஃப்.ஓ. மூன்று வருடத்தில் மாறுதலாகிப் போய்விடுவார். புதிதாக வருகிறவர் கோப்பைப் புரட்டிப் படித்து முடிப்பதற்குள் அவருக்கும் ஆர்டர் வந்துவிடும். இந்தப் பந்தயத்தில் யார்மேல் பணம் கட்டுவது என்று நம்மை யாரும் கேட்கவில்லை. ஏற்கெனவே கட்டிவிட்டார்கள். பணம் நம்முடையது.